மழை விட்ட பிறகு வரும் வெள்ளம்

பெங்களூரு ஈஜிபுராவில் எங்கள் கீழ்வீட்டு அக்கா, ஐப்பசி பாதி போனதும் ஒரு வேலை செய்வார். ஆட்டுக்கல் குழவியைப் பழைய துணியில் சுற்றி, குளியலறைத் தண்ணீர் போகும் ஓட்டையின் மேல் அழுத்தி வைத்துவிடுவார். மே மாத மழைக்கு இது கிடையாது. அப்போது வாசலில் இரண்டு மண்மூட்டைதான்.

குடிவந்த புதிதில் கேட்டேன். "துணியை மட்டும் வச்சு அடைச்சா போதாதாக்கா?"

"துணியைத் தூக்கி எறிஞ்சிடும் தம்பி. மே மாச மழை வாசல் வழியா வரும். இந்த மழை கீழேர்ந்து வரும். அதுவும் மழை விட்ட அப்புறம்தான் வரும்."

பெங்களூரு வெள்ளத்தைப் பற்றி நான் கேட்டதிலேயே துல்லியமான விளக்கம் இதுதான். இந்த ஊரில் வெள்ளம் இரண்டு வகை. ஒன்று வானத்திலிருந்து நேராக வருவது, இன்னொன்று ஏரியிலிருந்து வருவது.

கடல்மட்டத்துக்குச் சுமார் 900 மீட்டர் மேலே இருக்கும் ஊர் எப்படி மூழ்கும் என்று ஊரிலிருந்து வரும் சொந்தக்காரர்கள் எல்லோரும் கேட்பார்கள். மேட்டில் இருப்பது உண்மைதான், ஆனால் மேடு ஒரே தட்டையாக இல்லை. நடுவே ஒரு முகடு ஓடுகிறது. அதற்கு மேற்கே விழும் மழை விருஷபாவதி வழியாக அர்க்காவதியில் கலந்து காவிரிக்குப் போகும். கிழக்கே விழுவது கோரமங்கலா–சல்லகட்டா, ஹெப்பால் ஆகிய இரண்டு பள்ளத்தாக்குகளில் இறங்கித் தென்பெண்ணைக்குப் போகும். எங்கள் சந்து மோரித் தண்ணீர் பெல்லந்தூர் ஏரி, வர்த்தூர் ஏரி, ஓசூர் கெலவரப்பள்ளி அணை, கிருஷ்ணகிரி அணை, சாத்தனூர் அணை என்று போய்க் கடலூரில் கடலைத் தொடுகிறது. மேட்டு ஊர் என்ற பெருமையெல்லாம் முகட்டில் வீடு வைத்திருப்பவர்களுக்குத்தான்.

ஊருக்குள் பெரிய ஆறு கிடையாது. அதனால் ஊரை நிறுவிய கெம்பேகவுடா காலத்திலும் அதற்கு முன்னும் பின்னும் பள்ளத்தாக்குகளில் வரிசையாகக் கரை கட்டி ஏரிகளை உண்டாக்கினார்கள். மேல் ஏரி நிரம்பினால் அதன் கோடி வழியாக, அதாவது உபரி நீர் வழியும் இடத்தின் வழியாக, கீழ் ஏரிக்குத் தண்ணீர் இறங்கும். இணைக்கும் பெரிய கால்வாய்க்கு ராஜகாலுவே என்று பெயர். 'கோடி' என்ற சொல் கன்னடத்திலும் இருக்கிறது, கிருஷ்ணகிரி, தர்மபுரிப் பக்கம் நம் பேச்சிலும் இருக்கிறது. ஏரி கோடி போயிடுச்சு என்றால் இரண்டு பக்கத்துக்காரர்களுக்கும் புரியும்.

சரி, கொஞ்சம் கணக்குக்கு வருவோம். ஒரு மில்லிமீட்டர் மழை என்பது ஒரு சதுர மீட்டர் இடத்தில் ஒரு லிட்டர் தண்ணீர். பெங்களூருக்காரர்களின் கனவான முப்பதுக்கு நாற்பது அடி சைட்டில் 100 மி.மீ. பெய்தால் ஏறக்குறைய 11,000 லிட்டர். கோடையில் நாம் தவம் கிடந்து வாங்கும் பெரிய டேங்கர் லாரி ஒன்று வாசலில் வந்து கொட்டிவிட்டுப் போனதற்குச் சமம். முன்பு அதில் பெரும்பகுதி மண்ணுக்குள் இறங்கியது. 1973-ல் நகரப் பரப்பில் சுமார் 8 சதவீதம்தான் கட்டடமும் தார்ச்சாலையுமாக இருந்தது, இப்போது அது முக்கால் பங்குக்கு மேல் என்று இந்திய அறிவியல் கழகத்தின் டி.வி. ராமச்சந்திரா குழு செயற்கைக்கோள் படங்களிலிருந்து கணக்கிட்டிருக்கிறது. கான்கிரீட்டில் விழும் மழையில் பத்தில் ஒன்பது பங்கு ஓடத்தான் செய்யும்.

இதே கணக்கை ஏரிக்குப் போட்டுப் பாருங்கள். 50 ஹெக்டேர் ஏரி, அதாவது சுமார் 125 ஏக்கர். நீர்மட்டம் கோடிக்கு ஒரு மீட்டர் கீழே இருக்கிறது என்றால், அந்த ஒரு மீட்டரில் 50 கோடி லிட்டர் பிடிக்கும். சுற்றி ஐந்து சதுர கிலோமீட்டரில் 100 மி.மீ. பெய்து, ஒரு சொட்டு மண்ணுக்குள் போகாமல் அத்தனையும் ஓடி வந்தாலும் அதே 50 கோடி லிட்டர்தான். மொத்த மழையையும் ஏரி சத்தமில்லாமல் விழுங்கிவிடும். காலியாக இருக்கும் அந்த ஒரு மீட்டர்தான் ஊரின் காவல்.

மே மாதத்தில் வெயிலில் சூடேறிய காற்று மேலெழும்பி, சாயங்காலம் நாலு மணிக்கு இடிமேகமாகித் திரண்டு, ஒரு மணி நேரத்தில் கொட்டித் தீர்த்துவிடும். அந்த வேகத்துக்குச் சாலையோரச் சல்லடை ஓட்டைகள் ஈடுகொடுக்காது. தண்ணீர் தெருவில் நின்று வாசலில் ஏறும். ஆனால் கால்வாயும் ஏரியும் இடம் வைத்திருந்தால் இரண்டு மூன்று மணி நேரத்தில் வடிந்துவிடும். அக்காவின் மண்மூட்டை இதற்குப் போதும்.

நவம்பர் கதை வேறு. வங்கக்கடலில் உருவாகும் தாழ்வு மண்டலம் சென்னைக்கும் புதுச்சேரிக்கும் இடையில் எங்காவது கரையேறும். காற்றின் வேகம் செத்துவிடும், ஆனால் ஈரம் சாகாது. அது மேற்கே நகர்ந்து பெங்களூருக்கு மேல் போர்வை மாதிரி விரிந்து இரண்டு மூன்று நாள் தூறும். குடை கூடத் தேவையில்லை என்று அலட்சியமாகப் போவோம். ஆனால் அதற்கு முன்னாலேயே, பெங்களூருவில் அதிகம் மழை பெய்யும் செப்டம்பரும் அக்டோபரும் தங்கள் வேலையை முடித்திருக்கும். மண் ஈரப் பஞ்சு. ஏரிகள் கோடி மட்டத்தில். வெயிலும் இல்லை, ஆவியாவதும் குறைவு. வயிறு முட்டச் சாப்பிட்டவனுக்குப் பந்தியில் இன்னொரு முறை பரிமாறுகிற கதைதான். நிரம்பிய ஏரி கொஞ்ச நேரம் தாமதப்படுத்தும், அவ்வளவே. மேலே வந்ததைக் கீழே தள்ளிவிடும், கீழ் ஏரி அதற்குக் கீழ் ஏரிக்குத் தள்ளும். அந்தத் தாமதம்தான் அக்கா சொன்ன 'மழை விட்ட அப்புறம்'.

இதில் இன்னொரு கோளாறு இருக்கிறது, பலரும் பேசாதது. பழைய காலத்தில் ஏரிகள் பாசனத்துக்குத் தண்ணீர் விட்டுவிட்டுக் கோடையில் வற்றிக் கிடக்கும். வண்டல் அள்ளுவார்கள், ஆழம் மீளும். இன்று பல ஏரிகளுக்கு வருஷம் முழுக்கக் கழிவுநீர் வருகிறது. அவை வற்றுவதே இல்லை. ஏரிக்கு அடுத்த மழை வருவதற்குள் வயிறு காலியாக வேண்டும் என்பதே மறந்துபோயிற்று. ஏரிகளை மூடியதைப் பற்றி நிறையப் பேசுகிறோம். மெஜஸ்டிக் பஸ் ஸ்டாண்ட் முன்பு தர்மாம்புதி ஏரி, கண்டீரவா ஸ்டேடியம் சம்பங்கி ஏரி, கோரமங்கலா எஸ்.டி. பெட் லேஅவுட்டில் இருக்கும் எஸ்.டி. என்பதே 'ஸ்ரீநிவாகிலு டேங்க்'. முகவரியிலேயே ஏரிப் படுகை என்று எழுதி வைத்துவிட்டு அங்கே தண்ணீர் வருவதாகப் புகார் கொடுக்கிறோம். ஆனால் மிச்சம் இருக்கும் ஏரிகளையும் எப்போதும் தளும்பத் தளும்ப வைத்திருப்பது அதே அளவு ஆபத்து என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

இனி குழவிக்கல்லுக்கு வருவோம். ராஜகாலுவே நிரம்பி, அதன் நீர்மட்டம் நம் வீட்டுத் தரையைவிட ஓர் அடி உயர்ந்துவிட்டது என்று வையுங்கள். கிளை மோரிகளும் வீட்டுக் குழாய்களும் அதோடு இணைந்தவை. இணைந்த பாத்திரங்களில் நீர் ஒரே மட்டத்துக்கு வரப் பார்க்கும். தண்ணீர் பின்வாங்கி, குளியலறை ஓட்டை வழியாக வீட்டுக்குள் எழும். நாலு அங்குல ஓட்டையை ஓர் அடி உயர நீர் தள்ளும் விசை ஏறத்தாழ இரண்டரை கிலோ எடைக்குச் சமம். துணிப்பந்து பறந்துவிடும். குழவி அசையாது. இரண்டடி உயர்ந்தால் ஐந்து கிலோ வேண்டும், அதற்கும் குழவி தாங்கும்.

இந்த வகை வெள்ளம் பெரிய அளவில் எப்படி இருக்கும் என்பதை 2021 நவம்பரில் எலஹங்கா பார்த்தது. 19-ஆம் தேதி ஒரு தாழ்வு மண்டலம் வடதமிழகக் கரையைக் கடந்தது. அடுத்த இரண்டு மூன்று நாளில், ஏற்கெனவே நிறைந்திருந்த எலஹங்கா ஏரி பொங்கி, கேந்திரீய விஹார் குடியிருப்புக்குள் புகுந்தது. சுமார் 600 வீடுகள். கீழ்த்தளக் கார்கள் மூழ்கின, லிஃப்ட் இல்லை, மின்சாரம் இல்லை. ஆட்களைப் படகிலும் டிராக்டரிலும் வெளியே கொண்டுவந்தார்கள். அதற்கு முந்தைய மாதம்தான் விமான நிலைய வாசலில் தண்ணீர் தேங்கி, பயணிகள் பெட்டியோடு டிராக்டரில் ஏறி வந்து விமானம் பிடித்தார்கள்.

ஏன் டிராக்டர்? பல லட்ச ரூபாய் கார் நிற்கிற இடத்தில் அது எப்படிப் போகிறது?

கார் ஒரு மூடிய பெட்டி. சின்னக் காரின் அடித்தளம் சுமார் ஐந்து சதுர மீட்டர். அடித்தளத்துக்கு மேல் நீர் 20 சென்டிமீட்டர் ஏறினால் ஒரு டன் தண்ணீரை விலக்குகிறது. காரின் எடையும் ஏறக்குறைய ஒரு டன். அப்படியென்றால் முழங்காலுக்குக் கீழே நீர் இருக்கும்போதே டயர் தரைப்பிடியை இழக்கத் தொடங்கும், ஓடும் நீராக இருந்தால் வண்டி பக்கவாட்டில் நகரும். நீர் காற்றுக்குழாய் வழியே எஞ்சினுக்குள் போனால் இன்னும் மோசம். பிஸ்டன் காற்றை அமுக்கும், தண்ணீரை அமுக்க முடியாது. தண்டு வளைந்துவிடும். நின்ற வண்டியைத் திரும்பத் திரும்ப ஸ்டார்ட் செய்பவர்கள் இப்படித்தான் எஞ்சினைக் கொல்கிறார்கள்.

டிராக்டர் பெட்டி இல்லை, எலும்புக்கூடு. தண்ணீர் அதன் ஊடே போய்விடும், மிதக்கவைக்க ஒன்றும் கிடைக்காது. பின்சக்கரம் ஆள் மார்பு உயரம். பிடிப்புக்காக டயருக்குள் தண்ணீர் நிரப்பி ஓட்டும் விவசாயிகளும் உண்டு. புகைக்குழாய் மேலே நோக்கி நிற்கும். டீசல் எஞ்சினுக்கு ஸ்பார்க் பிளக் கிடையாது, நனைந்து அணைந்துபோக ஒன்றுமில்லை.

சுரங்கப்பாதைகள் தனி அபாயம். அவை ஒரு கிண்ணம், நாலு பக்கத்துச் சாலை நீரும் அடியில் சேரும். கதவுக்கு வெளியே நீர் அறுபது சென்டிமீட்டர் நின்றால், ஒரு மீட்டர் அகலக் கதவை அது சுமார் 180 கிலோ எடைக்குச் சமமான விசையில் அழுத்தும். உள்ளே இருந்து தள்ளித் திறப்பது நடக்காத காரியம். 2023 மே மாதம் கே.ஆர். சர்க்கிள் சுரங்கப்பாதையில் காருக்குள் சிக்கி ஓர் இளம்பெண் இறந்தார். நீர் கதவைத் தொடும்போதே கண்ணாடியை இறக்கிவிட வேண்டும். மின்சாரக் கண்ணாடி கொஞ்ச நேரம்தான் வேலை செய்யும்.

2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் கரையேறியது. டிசம்பர் முதல் வாரம் பெங்களூருவில் வெறும் தூறலும் குளிரும். செங்கம் பக்கம் இருக்கும் எங்கள் ஊருக்கு நான் கிளம்ப வேண்டியிருந்தது. வழியில் ஊத்தங்கரையில் ஒரே நாளில் 50 செ.மீ. பெய்து, ஏரி பொங்கி, சாலையோரம் நிறுத்தியிருந்த வண்டிகளை அடித்துப் போனது. சாத்தனூரிலிருந்து விநாடிக்கு ஒன்றரை லட்சம் கன அடிக்கு மேல் திறந்தார்கள். விக்கிரவாண்டி அருகே பாலத்தில் நீர் ஏறி ரயில்களும் நின்றன. பையைத் திரும்ப மாடிக்கு எடுத்துப் போனபோது கீழ்வீட்டு அக்கா வாசலில் நின்றிருந்தார்.

"உங்க ஊர் ஏரி கோடி போயிடுச்சா தம்பி?"

"ரெண்டு நாள் ஆச்சுக்கா."

உள்ளே போய்க் குழவி சரியாக உட்கார்ந்திருக்கிறதா என்று பார்த்துவிட்டு வந்தார்.