வெப்பத்தை இறைக்கும் எந்திரம்

கல்யாண மண்டபத்துச் சமையல்கட்டில் பெரிய அடுப்பு மணிக்கணக்கில் முழு வேகத்தில் எரிந்துகொண்டிருக்கும்போது சிலிண்டரைத் தொட்டுப் பாருங்கள். சித்திரை வெயிலிலும் அதன் கீழ்ப்பகுதி சில்லென்று இருக்கும். வெளிச்சுவர் வியர்த்திருக்கும், சில சமயம் வெள்ளையாகப் பனியே படிந்திருக்கும். எந்த உயரம் வரை வியர்த்திருக்கிறதோ, ஏறக்குறைய அந்த உயரம் வரைதான் உள்ளே திரவம் மிச்சம். சிலிண்டருக்குள் இருக்கும் புரொப்பேன், பியூட்டேன் திரவம் கொதித்து ஆவியாகித்தான் அடுப்புக்கு வருகிறது. கொதிக்க வெப்பம் வேண்டும். சிலிண்டருக்கு அடியில் யாரும் அடுப்பு மூட்டவில்லை. ஆகவே அந்த வெப்பத்தைத் திரவம் தன்னிடமிருந்தும், இரும்புச் சுவரிடமிருந்தும், சுற்றியுள்ள காற்றிடமிருந்தும் உறிஞ்சிக்கொள்கிறது.

வீட்டு ஃப்ரிட்ஜின் ஃப்ரீசர் காயிலுக்குள், அதாவது சுருள் குழாய்க்குள், நடப்பதும் இதுவேதான். இப்போது விற்கும் பெரும்பாலான வீட்டு ஃப்ரிட்ஜ்களில் ஓடும் ஆர்-600ஏ என்பது ஐசோபியூட்டேன், அதாவது சமையல் கேஸின் நெருங்கிய சொந்தம். அடுப்பில் ஆவியை எரித்துவிடுகிறோம். ஃப்ரிட்ஜில் அதே ஆவியைப் பிடித்து, நெருக்கி, திரும்பத் திரவமாக்கி, மறுபடி கொதிக்க விடுகிறோம். முழு ஃப்ரிட்ஜுக்கும் தேவைப்படும் கேஸ் பெரும்பாலும் 30 முதல் 70 கிராம் வரைதான். ஒரு கிராம் ஐசோபியூட்டேன் கொதிக்கச் சுமார் 366 ஜூல் வெப்பம் வேண்டும். 30 டிகிரியில் இருக்கும் ஒரு லிட்டர் தண்ணீரை 5 டிகிரிக்குக் கொண்டுவர எடுக்க வேண்டிய வெப்பம் சுமார் 1,05,000 ஜூல். வகுத்துப் பார்த்தால் 287 கிராம் கேஸ் கொதித்தாக வேண்டும். குழாய்க்குள் இருப்பது 50 கிராம் என்றால், அது குறைந்தது ஆறு சுற்றுச் சுற்றிவர வேண்டும், ஒரே ஒரு தண்ணீர் பாட்டிலுக்காக.

எந்த வெப்பநிலையில் கொதிக்க வேண்டும் என்பதை நாம் எப்படித் தீர்மானிக்கிறோம்? அழுத்தத்தால். மூடிய கலத்தில் திரவமும் அதன் ஆவியும் சேர்ந்திருக்கும்வரை, அழுத்தமும் வெப்பநிலையும் ஒன்றோடொன்று கட்டுண்டவை. ஒன்றைச் சொன்னால் மற்றது தெரிந்துவிடும். ஐசோபியூட்டேன் சாதாரண வளிமண்டல அழுத்தத்தில், அதாவது சுமார் 1 பாரில், மைனஸ் 11.7 டிகிரியில் கொதிக்கும். அழுத்தத்தை 0.6 பார் அளவுக்குக் குறைத்தால் மைனஸ் 25 டிகிரியிலேயே கொதிக்கும். 6 பாருக்கு ஏற்றினால் 45 டிகிரியில் ஆவி திரவமாகிவிடும். குளிரூட்டும் எந்திரம் முழுவதும் இந்த இரண்டு எண்களுக்கு இடையில்தான் ஓடுகிறது. கம்ப்ரசர் ஒரு பக்கம் உறிஞ்சி அழுத்தத்தைத் தாழ்த்துகிறது, மறுபக்கம் நெருக்கி உயர்த்துகிறது. தாழ்ந்த பக்கம் ஃப்ரீசருக்குள் இருப்பதால் அங்கே கொதித்து வெப்பம் வாங்குகிறது. உயர்ந்த பக்கம் கண்டென்சரில் திரவமாகி, வாங்கிய வெப்பத்தை வெளியே விடுகிறது. பல புது ஃப்ரிட்ஜ்களில் கண்டென்சர் குழாய் பின்னால் தொங்குவதில்லை, பக்கச் சுவர்களுக்குள் புதைந்திருக்கிறது. பக்கம் சுடுகிறதே என்று மெக்கானிக்கைக் கூப்பிட வேண்டியதில்லை. பக்கம் சுடுவது நல்ல அறிகுறி. சுடாமல் இருந்து கம்ப்ரசர் மட்டும் ஓயாமல் ஓடினால்தான் கவலைப்பட வேண்டும்.

இந்த இரண்டு அழுத்தங்களையும் பிரித்து வைத்திருப்பது கேப்பிலரி, முடிபோன்ற ஒரு செப்புக் குழாய். உள்விட்டம் ஒரு மில்லிமீட்டருக்கும் குறைவு, நீளம் இரண்டு மூன்று மீட்டர். 45 டிகிரித் திரவம் இதற்குள் நுழைந்து வெளியே வரும்போது அழுத்தம் பத்தில் ஒன்றாகிவிடுகிறது. அந்த அழுத்தத்தில் 45 டிகிரியில் திரவமாக இருக்கவே முடியாது. ஆகவே ஒரு பகுதி உடனே கொதித்து, மீதித் திரவத்தை மைனஸ் 25க்கு இழுத்துக்கொண்டு போகிறது. இப்படி ஏறக்குறைய ஐந்தில் இரண்டு பங்கு, ஃப்ரீசரைத் தொடும் முன்பே வீணாகக் கொதித்துப்போகும். இதைக் குறைக்க ஒரு அழகான ஏற்பாடு உண்டு. ஃப்ரீசரிலிருந்து கம்ப்ரசருக்குத் திரும்பும் குளிர்ந்த குழாயோடு கேப்பிலரியைச் சேர்த்துப் பற்றவைத்திருப்பார்கள், அல்லது அதற்குள்ளேயே செலுத்தியிருப்பார்கள். போகும் திரவம் முன்கூட்டியே குளிர்கிறது. திரும்பும் ஆவி கொஞ்சம் சூடாகிறது. ஒட்டியிருந்த சொட்டுத் திரவமும் ஆவியாகிவிடுவதால் கம்ப்ரசருக்குள் திரவம் போய் வால்வை உடைக்கும் ஆபத்தும் குறைகிறது. கேப்பிலரியை மாற்றும்போது இந்தச் சேர்க்கையைப் பிரித்துத் தனியே விட்டுவிடுவது பழுது பார்ப்பதில் அடிக்கடி நடக்கும் தவறு. ஃப்ரிட்ஜ் ஓடும், ஆனால் முன்புபோல் குளிராது.

இதுவரை சொன்னது எந்திரம் எப்படி ஓடுகிறது என்பது. அதற்கு எவ்வளவு மின்சாரம் செலவாகும் என்பதைச் சொல்வது வெப்ப இயக்கவியலின் இரண்டாம் விதி. ஜெர்மானிய இயற்பியலாளர் கிளாசியஸ் 1850களில் அதைச் சொன்ன வடிவம் எளிது: வெப்பம் தானாகக் குளிர்ந்த இடத்திலிருந்து சூடான இடத்துக்குப் போகாது. கிணற்றுத் தண்ணீர் தானாக மேட்டுக்கு ஏறாததுபோல. இறைக்கலாம், ஆனால் கூலி உண்டு. கிணறு எவ்வளவு ஆழமோ அவ்வளவு கூலி. இங்கே ஆழம் என்பது கொதிக்கும் வெப்பநிலைக்கும் திரவமாகும் வெப்பநிலைக்கும் உள்ள இடைவெளி.

கூலியை அளக்கும் கோல் எண்ட்ரோபி. ஓர் இடத்திலிருந்து எடுத்த வெப்பத்தை அந்த இடத்தின் கெல்வின் வெப்பநிலையால் (செல்சியஸ் எண்ணோடு 273ஐக் கூட்டினால் வருவது) வகுத்தால் அது இழந்த எண்ட்ரோபி கிடைக்கும். மொத்தக் கணக்கில் எண்ட்ரோபி குறையக் கூடாது என்பதே விதி. ஃப்ரீசர் காயில் மைனஸ் 25 டிகிரி, அதாவது 248 கெல்வின். அங்கிருந்து 100 ஜூல் எடுத்தால் இழப்பு 0.403. கண்டென்சர் 45 டிகிரி, 318 கெல்வின். அந்த 0.403ஐ அங்கே ஈடுகட்ட வேண்டுமானால் 0.403ஐ 318ஆல் பெருக்க வேண்டும்: 128 ஜூல். கண்டென்சரில் குறைந்தது 128 ஜூல் கொட்டியாக வேண்டும், ஆனால் உள்ளிருந்து வந்தது 100தான். மீதி 28 ஜூலைக் கம்ப்ரசர் மின்சாரத்திலிருந்து தர வேண்டும். எந்தக் கேஸ் போட்டாலும், எந்த நிறுவனம் செய்தாலும், இந்த 28க்குக் கீழே இறங்க முடியாது. 100ஐ 28ஆல் வகுத்தால் ஏறக்குறைய 3.5. இதைத்தான் சிஓபி என்கிறார்கள்: ஒரு பங்கு மின்சாரத்துக்கு எத்தனை பங்கு வெப்பத்தை இறைக்கிறோம் என்பது. உண்மையான எந்திரங்களுக்கு இதில் பாதியை ஒட்டித்தான் கிடைக்கும். உராய்வு, கம்ப்ரசருக்குள் ஆவி மிகையாகச் சூடாவது, கேப்பிலரியில் வீணாகும் அழுத்தம் என்று ஒவ்வொன்றும் தன் பங்கை எடுத்துக்கொள்கிறது.

ஏசிக்கு வருவோம். அறை 24 டிகிரி, வெளியே 35 டிகிரி. இடைவெளி 11 டிகிரிதான். மேலே போட்ட அதே கணக்கைப் போட்டால் சிஓபி 27 வர வேண்டும். நல்ல ஏசிக்குக் கிடைப்பதோ நான்கை ஒட்டி. ஏன் இவ்வளவு வித்தியாசம்? உள்ளே இருக்கும் காயில் 24 டிகிரியில் இருந்தால் அறைக் காற்றிலிருந்து அதற்கு வெப்பம் நகராது, ஒரு சரிவு வேண்டும். ஆகவே காயில் 10 டிகிரியில் ஓடுகிறது. அதேபோல் வெளியே 35 டிகிரிக் காற்றுக்கு வெப்பத்தைத் தள்ள, கண்டென்சர் 48 டிகிரியில் இருக்க வேண்டும். கிணற்றின் ஆழம் 11 என்று நினைத்தோம், எந்திரம் இறைப்பதோ 38 டிகிரி ஆழத்திலிருந்து. உள்ளே 14, வெளியே 13 என இந்த 27 டிகிரிச் சரிவுதான் மின்கட்டணத்தின் பெரும்பகுதி. இந்த ஆழத்துக்கு விதி அனுமதிக்கும் உச்ச சிஓபி 7.4.

இந்த ஒரு கணக்கு தெரிந்தால் ஏசியைப் பற்றிய பல விஷயங்கள் புரிந்துவிடும். ஐந்து நட்சத்திர ஏசியின் வெளி யூனிட் ஏன் பெரியதாக இருக்கிறது? காயில் பரப்பு கூடினால் குறைந்த சரிவிலேயே அதே வெப்பம் நகரும். கம்ப்ரசர் வேகத்தைத் தேவைக்கேற்பக் கூட்டிக் குறைக்கும் இன்வெர்ட்டர் ஏசி ஏன் மிச்சப்படுத்துகிறது? கம்ப்ரசர் அடிக்கடி நின்று நின்று ஓடாதது ஒரு காரணம். அதைவிட முக்கியமானது, கம்ப்ரசர் பாதி வேகத்தில் ஓடும்போது அதே காயில்கள் பாதி வெப்பத்தைத்தான் கடத்த வேண்டும். சரிவு சுருங்குகிறது, கிணறு ஆழம் குறைகிறது. ஃபில்டரில் தூசி படிந்தாலோ, வெளி யூனிட்டைச் சுவரோடு ஒட்டி வைத்துத் தான் விட்ட சூட்டையே அது திரும்ப இழுத்தாலோ, இதற்கு நேர்மாறு. கண்டென்சர் 48லிருந்து 58க்கு ஏறினால் உச்ச சிஓபி 7.4லிருந்து 5.9க்கு விழுகிறது, ஐந்தில் ஒரு பங்கு போச்சு. தெர்மோஸ்டாட்டை ஒரு டிகிரி உயர்த்தினால் சுமார் 6 விழுக்காடு மின்சாரம் மிச்சம் என்று மத்திய அரசின் எரிசக்தித் திறன் வாரியம் சொல்வதற்கும் காரணம் இதுவே: ஆழமும் குறைகிறது, அறைக்குள் கசிந்துவரும் வெப்பமும் குறைகிறது.

ஏசியை டன் கணக்கில் சொல்வதற்குப் பின்னால் ஒரு பழைய வணிகம் இருக்கிறது. சென்னைக் கடற்கரையில் இன்று விவேகானந்தர் இல்லமாக இருக்கும் ஐஸ் ஹவுஸ் 1842இல் கட்டப்பட்டது, பாஸ்டனிலிருந்து கப்பலில் வந்த ஏரிப் பனிக்கட்டியைச் சேமிக்க. எந்திரக் குளிர் வந்து அந்த வணிகத்தை முடித்துவைத்தபோது, புது எந்திரத்தின் திறனைப் பனிக்கட்டிக் கணக்கிலேயே சொன்னார்கள். 907 கிலோ, அதாவது ஓர் அமெரிக்க டன், பனிக்கட்டி 24 மணி நேரத்தில் உருகும்போது எவ்வளவு வெப்பத்தை வாங்குமோ அதுவே ஒரு டன், சுமார் 3.5 கிலோவாட். ஒன்றரை டன் ஏசி என்றால் சுமார் 5.3 கிலோவாட் வெப்பத்தை அறையிலிருந்து எடுக்கிறது. அதில் காற்றைக் குளிர்விக்க மட்டும் முழுவதும் போவதில்லை. வெளியே சொட்டும் தண்ணீரைப் பாருங்கள். ஒரு லிட்டர் ஈரத்தைக் காற்றிலிருந்து பிழியச் சுமார் 2,450 கிலோ ஜூல் செலவாகிறது. ஒன்றரை டன் ஏசி ஒரு மணி நேரத்தில் எடுக்கும் மொத்த வெப்பத்தில் இது 13 விழுக்காடு. கடற்கரை ஊர்களில் கதவைத் திறந்து போட்டால் ஏசி திணறுவதற்குச் சூட்டைவிட ஈரமே பெரிய காரணம்.

பழுதுகளுக்கு வருகிறேன். “கேஸ் தீர்ந்துபோச்சு, வருஷா வருஷம் ஏத்தணும்” என்று சொல்லப்படுவதை ஏற்காதீர்கள். கேஸ் எரிவதில்லை, தேய்வதில்லை. குறைந்திருக்கிறது என்றால் எங்கோ ஓட்டை இருக்கிறது, அதை அடைக்காமல் ஏற்றுவது பணத்தைக் காற்றில் விடுவது. கேஸ் குறைந்த ஏசியின் காயிலில் ஐஸ் கட்டும். குளிர் குறைய வேண்டிய இடத்தில் ஐஸ் எப்படி? தாழ்பக்க அழுத்தம் குறைந்துவிட்டதால் கொதிநிலை 10 டிகிரியிலிருந்து சுழியத்துக்குக் கீழே போய்விட்டது. கொஞ்சம் கேஸ்தான், ஆனால் நுழைவாயிலிலேயே கடுங்குளிரில் கொதித்து முடிந்துவிடுகிறது. மீதிக் காயில் வெறுமனே இருக்கிறது.

ஐசோபியூட்டேன் ஃப்ரிட்ஜில் ஓட்டை விழுந்தால் விளைவு வேறு. ஓடும்போது தாழ்பக்கம் 0.6 பார், வெளியே வளிமண்டலம் 1 பார். ஓட்டை அந்தப் பக்கம் இருந்தால் கேஸ் வெளியேறுவதற்குப் பதில் காற்றும் ஈரமும் உள்ளே போகின்றன. காற்று கண்டென்சரில் திரவமாகாமல் இடத்தை அடைத்து அழுத்தத்தை ஏற்றுகிறது. ஈரம் கேப்பிலரியின் முனையில் உறைந்து அடைக்கிறது. குளிர் நின்றுபோய், சிறிது நேரத்தில் ஐஸ் உருகி மறுபடி ஓடி, மறுபடி அடைத்துக்கொள்ளும். இப்படி விட்டுவிட்டுக் குளிர்ந்தால் பெரும்பாலும் ஈரம்தான். அதனால்தான் குழாயைத் திறந்து பழுது பார்த்த ஃப்ரிட்ஜுக்கு, ஈரத்தை உறிஞ்சும் புது டிரையர் போட்டு, வேக்கம் பம்ப் வைத்து உள்ளிருக்கும் காற்றை நன்றாக இழுக்க வேண்டும். 30 டிகிரியில் தண்ணீர் கொதிக்க அழுத்தம் 42 மில்லிபாருக்குக் கீழே போக வேண்டும். நல்ல வேக்கம் பம்ப் 1 மில்லிபாருக்கும் கீழே இறக்கும். ஒளிந்திருக்கும் ஈரம் அறை வெப்பநிலையிலேயே கொதித்து வெளியேறும். பழைய கம்ப்ரசரைக் கொண்டே இழுத்து முடிப்பவரிடம் வேலை கொடுக்காதீர்கள். ஐசோபியூட்டேன் எரியக்கூடியது என்பதால் கேஸ் மிச்சமிருக்கும் குழாயில் நெருப்பு வைத்துப் பற்றவைப்பதும் கூடாது. நெருப்பின்றி அழுத்திப் பொருத்தும் இணைப்புகள் இதற்கென்றே இருக்கின்றன.

மின்சாரம் போய் உடனே வந்தால் கம்ப்ரசர் ‘டக்’கென்று நின்றுவிடுவதும் அழுத்தக் கதையே. 6 பார் எதிர்த்து நிற்கும்போது சிறிய மோட்டாரால் கிளம்ப முடியாது, ஓவர்லோடு ரிலே அதை வெட்டிவிடும். கேப்பிலரி வழியே இருபக்கமும் சமமாக மூன்று முதல் ஐந்து நிமிடம் ஆகும். அதுவரை பொறுத்துப் போட்டால் ரிலேயும் மோட்டாரும் நெடுநாள் வரும்.

வெப்பத்தைக் கொட்டும் பக்கத்தையே பயனாக்கினால் அதுதான் ஹீட் பம்ப். கெல்வின் பிரபு 1852இலேயே இந்த யோசனையை எழுதினார். ஆஸ்திரியாவில் ரிட்டிங்கர் என்ற பொறியாளர் 1856இல் உப்புக் காய்ச்ச அதைச் செய்து காட்டினார். 100 லிட்டர் தண்ணீரை 25லிருந்து 55 டிகிரிக்குச் சூடாக்க கீசருக்கு 3.5 யூனிட் மின்சாரம் வேண்டும். வெளிக் காற்றிலிருந்து வெப்பத்தை இறைக்கும் ஹீட் பம்புக்கு நம் ஊர் வெப்பத்தில் ஒரு யூனிட் போதும். மீதி இரண்டரை யூனிட் காற்றிலிருந்து வருகிறது. விடுதிகளும் மருத்துவமனைகளும் இதற்கு மாறுவதன் கணக்கு இதுதான். ஐரோப்பியக் குளிர்காலத்தில் வெளியே மைனஸ் 10 என்றால் கிணறு ஆழமாகிறது, சிஓபி இரண்டை ஒட்டி இறங்குகிறது, காயிலில் பனி வேறு படிகிறது. அதை உருக்க எந்திரம் அவ்வப்போது திசை திரும்பி ஓட வேண்டியிருக்கிறது. நம் ஊரில் அந்தத் தொல்லை இல்லை. ஒன்றை மட்டும் கவனித்தால் போதும்: ஹீட் பம்பைக் காற்றோட்டமில்லாத மூடிய அறையில் வைக்காதீர்கள். தான் விட்ட குளிர்காற்றையே அது திரும்ப இழுத்து, தன் கிணற்றைத் தானே தோண்டிக்கொள்ளும். அந்தக் குளிர்காற்றைக் குழாய் வைத்துச் சமையல்கட்டுக்கோ சலவை அறைக்கோ திருப்பிவிட்டால், வெந்நீரோடு கொஞ்சம் ஏசியும் கிடைக்கும்.