உறையாத குளிரில் கறுக்கும் துளசி

சேலம் அம்மாபேட்டையில் எங்கள் வீட்டுப் பின்புறம் இடுப்புயரத்துக்கு வளர்ந்து நிற்கும் கருந்துளசியின் அடியில் முளைத்த கன்று ஒன்றைத் தொட்டியோடு எடுத்துக்கொண்டுதான் அக்கா ஏற்காட்டுக்குக் குடிபோனாள். கூடவே ஒரு திருநீற்றுப்பச்சிலைச் செடி. ஐப்பசி வரை இரண்டும் தழைத்து நின்றன. மார்கழி பிறந்து பத்து நாள் ஆகியிருக்கும், போன் வந்தது. "தண்ணியெல்லாம் ஊத்திக்கிட்டுதான்டா இருக்கேன். இலையெல்லாம் வெந்த மாதிரி கறுத்துப் போச்சு. பெருமாளுக்கு வைக்க ஒரு கிள்ளு இல்ல."

அவள் சொன்ன 'வெந்த மாதிரி' என்பதைவிடச் சரியான சொல் இதற்குக் கிடையாது. கொதிநீரில் போட்ட கீரைக்கும் குளிர் தாக்கிய துளசிக்கும் உள்ளே நடப்பது ஏறக்குறைய ஒன்றுதான். செல்லைச் சுற்றியுள்ள சவ்வு பழுதாகி, உள்ளே இருந்த நீர் கசிந்துவிடுகிறது.

சேலம் நகரம் கடல்மட்டத்திலிருந்து சுமார் 280 மீட்டர் உயரம், ஏற்காடு சுமார் 1,500 மீட்டர். ஒரு கிலோமீட்டர் ஏறினால் சராசரியாக 6.5 டிகிரி குறையும். 20 கொண்டை ஊசி வளைவுகளையும் தாண்டி மேலே போவதற்குள் 8 டிகிரி போய்விடுகிறது. 1820களில் சேலம் கலெக்டராக இருந்த காக்பர்ன் காப்பிச் செடியை இந்த மலைக்குக் கொண்டுவந்தார். அரபிக்கா காப்பிக்கு 20 டிகிரியை ஒட்டிய இதம்தான் பிடிக்கும். துளசிக்கு அது போதாது. ஆனாலும் மார்கழி, தை இரவுகளில்கூட ஏற்காட்டில் 12, 13 டிகிரிதான். தண்ணீர் உறைய வேண்டுமானால் பூஜ்யத்துக்குப் போக வேண்டும். எதுவும் உறையாத குளிரில் செடி மட்டும் ஏன் சாகிறது?

அக்காவின் குளியலறை அலமாரியில் இரண்டு பாட்டில்கள் இருக்கின்றன. தேங்காய் எண்ணெய் மெழுகாக இறுகிக் கிடக்கிறது, பக்கத்திலேயே நல்லெண்ணெய் தண்ணீராக ஓடுகிறது. தேங்காய் எண்ணெயில் பெரும்பகுதி நிறைவுற்ற கொழுப்பு. அதன் மூலக்கூறுகளின் வால் நேராக இருப்பதால், அடுக்கிய விறகுபோல நெருங்கி, 24 டிகிரிக்குக் கீழே இறுகிவிடும். நல்லெண்ணெயில் நிறைவுறாத கொழுப்பு அதிகம். வால் நடுவில் வளைந்திருப்பதால், கோணல்மாணலான சுள்ளிகள்போல எவ்வளவு நெருக்கினாலும் இடைவெளி விடும். அதனால்தான் எளிதில் இறுகாது.

செல் சவ்வும் கொழுப்பால் ஆனதே. எப்போதும் சற்று இளகி, உள்ளே புதைந்திருக்கும் புரதங்கள் அசைய இடம் கொடுத்தால்தான் அது வேலை செய்யும். வெப்பநாட்டுச் செடிகளின் சவ்வு வெயிலுக்கேற்ற பக்குவத்தில் இருக்கிறது. 10, 12 டிகிரிக்கு அருகில் அதன் சில பகுதிகள் இறுகத் தொடங்கி, இறுகிய பகுதிக்கும் இளகிய பகுதிக்கும் நடுவே கசிவு உண்டாகிறது. முட்டைக்கோஸ் போன்ற குளிர்நாட்டுச் செடிகள் குளிர் வரவர நொதிகளைக் கொண்டு நேர் வால்களை வளைத்துக்கொள்ளும். துளசிக்கும் திருநீற்றுப்பச்சிலைக்கும் அந்தச் சாமர்த்தியம் குறைவு.

இது வெறும் ஊகமில்லை. 1992-ல் ஜப்பானின் நோரியோ முராட்டா குழுவினர் புகையிலைச் செடிக்குள் வேறு செடிகளின் மரபணுவைச் செலுத்தி, இலைச் செல்லில் பச்சையம் இருக்கும் பசுங்கணிகத்தின் சவ்விலுள்ள கொழுப்பை மட்டும் மாற்றிப் பார்த்தார்கள். பூசணி இனத்தின் மரபணுவைப் பெற்ற செடியில் நேர் வால்கள் கூடின, குளிர் அதை எளிதில் தாக்கியது. குளிர் தாங்கும் அராபிடாப்சிஸ் செடியின் மரபணுவைப் பெற்றது முன்னைவிடக் குளிரைத் தாங்கியது. எனக்கு இதில் வியப்பு தீரவே இல்லை: ஒரு கொழுப்பு வாலின் வளைவில் ஒரு செடியின் உயிர் இருக்கிறது!

கறுப்பு நிறம் அதற்கு அடுத்த கட்டம். இலைச் செல்லின் நடுவிலுள்ள பையில் ஃபீனால் சேர்மங்கள் இருக்கின்றன. அவற்றை ஆக்சிஜனோடு சேர்க்கும் நொதி செல்லில் வேறோர் இடத்தில் இருக்கிறது. சவ்வு கசிந்ததும் இரண்டும் கலந்து கறுக்கின்றன. கோட்டை அழகிரிநாதர் கோயிலில் கொடுத்த துளசியை ஃபிரிட்ஜில் வைத்துப் பாருங்கள். இலையில் முதலில் எண்ணெய் பட்டதுபோலக் கண்ணாடித் திட்டு தெரியும், பிறகு அந்தத் திட்டு கறுக்கும். வாழைப்பழத் தோல் ஃபிரிட்ஜில் கறுப்பதும் இப்படித்தான்.

காற்று 13 டிகிரியில் இருக்கும்போது இலையும் அதே அளவில் இருக்கும் என்று நினைத்துவிடக் கூடாது. மேகமில்லாத இரவில் இலை தன் வெப்பத்தை வானத்துக்கு வீசிக்கொண்டே இருக்கும், காற்றைவிட இரண்டு மூன்று டிகிரி குளிர்ந்துவிடும். மூடுபனி இரவு நமக்கு நடுக்கத்தைத் தந்தாலும் செடிக்குப் போர்வை. நட்சத்திரம் கொட்டிக் கிடக்கும் இரவைத்தான் அக்கா பயப்பட வேண்டும். குளிர்ந்த காற்று கனமானது, சரிவில் இறங்கிப் பள்ளத்தில் தேங்கும். ஆகையால் மேட்டில் இருக்கும் தொட்டி பிழைக்கும்.

விடிந்ததும் இன்னொரு அடி விழுகிறது. பச்சையம் ஒளியைப் பிடிப்பதைக் குளிர் தடுப்பதில்லை, அதைச் சர்க்கரையாக்கும் நொதிகளைத்தான் முடக்குகிறது. செலவழிக்க வழியில்லாத ஆற்றல் ஆக்சிஜன்மேல் ஏறி இலையையே அரிக்கும். நல்ல வெயில் படட்டும் என்று அக்கா தொட்டியைக் கிழக்கு வாசலில் வைத்திருந்தாள். பாசத்தோடு செய்ததுதான், ஆனால் இரவு அடிபட்ட இலைக்கு அது தண்டனை.

தண்ணீர் விஷயமும் அப்படியே. மண் குளிர்ந்தால் வேர் நீரை உறிஞ்சும் வேகம் குறையும், ஈரத்தில் நின்றபடியே செடி வாடும். வாடியதைப் பார்த்து இன்னும் ஊற்றினால் வேர் அழுகும். விரலை ஒரு கணு மண்ணுக்குள் விட்டு, காய்ந்திருந்தால் மட்டும், காலை ஏறிய பிறகு, இலை நனையாமல் ஊற்றச் சொன்னேன்.

தொட்டியைத் தென்மேற்குச் சுவரோரம் தாழ்வாரத்தின் அடியில் மாற்றினோம். மார்கழியில் சூரியன் தெற்கே சாய்ந்து போவதால் அந்தச் சுவர் பிற்பகல் முழுதும் காய்ந்து, இரவில் அந்தச் சூட்டைத் திருப்பிக் கொடுக்கும். கூரை இலைக்கும் வானத்துக்கும் நடுவே மறைப்பு. பக்கத்தில் கறுப்பு பெயின்ட் அடித்த 20 லிட்டர் தண்ணீர் கேன் ஒன்று. அது 5 டிகிரி குளிர்ந்தால், 100 வாட் ஹீட்டரை ஒரு மணி நேரத்துக்கு மேல் ஓட்டினால் வரும் வெப்பத்தை வெளிவிடும்.

பழைய துளசி அடித்தண்டிலிருந்து துளிர்த்தது. திருநீற்றுப்பச்சிலை பிழைக்கவில்லை. சர்பத்தில் போடும் சப்ஜா அதன் விதைதான் என்பதால் விதைக்குப் பஞ்சமில்லை. உடனே தூவப் போனவளை நான்தான் நிறுத்தினேன், குளிர்ந்த மண்ணில் விதை முளைக்காமல் கிடந்து அழுகும். எப்போது போடுவது என்று கேட்டாள். அலமாரியில் தேங்காய் எண்ணெய் தானாக இளகும் நாளில் போடச் சொன்னேன். மாசிக் கடைசியில் ஒரு மத்தியானம் பாட்டிலைச் சாய்த்துப் படம் எடுத்து அனுப்பியிருந்தாள். எண்ணெய் ஓடியது.