ஆன்டிஅரித்மிக்: துடிப்பை எதிர்க்கும் மருந்து அல்ல

இதயத் துடிப்புக் கோளாறுகளுக்குத் தரும் ஆன்டிஅரித்மிக் மருந்துகளைத் தமிழில் "இதயத்துடிப்பு எதிர்ப்பி" என்று எழுதுவதை இனியும் பொறுத்துக்கொள்ள முடியாது. இதயத் துடிப்பை எதிர்க்கிற பொருளுக்குத் தமிழில் ஏற்கெனவே பெயர் இருக்கிறது, நஞ்சு என்று. அந்த அர்த்தம் தருகிற ஒரு சொல்லை நோயாளியின் கையில் மருந்தின் பெயராகக் கொடுக்கிறார்கள்.

தருமபுரி, கிருஷ்ணகிரிப் பக்கத்தில் இதய நோய்க்காரர்கள் பலர் சேலத்துக்கோ பெங்களூருக்கோ போய்க் காட்டிவிட்டு வருகிறவர்கள். டிஸ்சார்ஜ் சீட்டு ஆங்கிலத்தில் இருக்கும். சில இடங்களில் கூடவே தமிழில் ஓர் அறிவுரைத் தாளும் தருகிறார்கள். நல்ல காரியம்தான். ஆனால் அந்தத் தமிழை எழுதியவரோ, எழுதிய கணினியோ, "ஆன்டி" என்றால் எதிர்ப்பு, "ரித்மிக்" என்றால் துடிப்பு சம்பந்தப்பட்டது என்று கூட்டிப் போட்டு முடித்துவிடுகிறது. பாலக்கோட்டில் எங்கள் உறவுக்காரப் பெரியவர் ஒருவர் அந்தத் தாளைக் காட்டி, "ஏம்பா, துடிப்பையே எதிர்க்குற மாத்திரையை எனக்கு எதுக்குக் குடுத்திருக்காங்க?" என்று கேட்டார். கேட்டாரே, அதுவரை நல்லது. கேட்காமலே மாத்திரையை நிறுத்திவிடுகிறவர்களும் இருப்பார்கள்.

சொல்லின் பிறப்பைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். கிரேக்கத்தில் "ஆன்டி" என்றால் எதிர். "அ" என்பது இன்மையைக் குறிக்கும் முன்னொட்டு. "ரித்மோஸ்" என்பது சீரான ஓட்டம், லயம். ஓடுதல் என்று பொருள்படும் வினையோடு அதைச் சேர்த்துச் சொல்வார்கள். லயம் இல்லாமல் போவது அரித்மியா. அதற்கு எதிரானது ஆன்டிஅரித்மிக். ஆக இந்தச் சொல்லுக்குள் இரண்டு மறுப்புகள் இருக்கின்றன. "இல்லாமல் இல்லை" என்றால் உண்டு என்று நமக்குத் தெரியும். நடுவில் இருக்கும் அந்த ஒற்றை "அ"வை விழுங்கிவிட்டால் பொருள் தலைகீழாகிவிடுகிறது. மொழிபெயர்த்தவர் விழுங்கியது அதைத்தான்.

இந்த மருந்துகளின் கதையில் நமக்கும் ஒரு தொடர்பு உண்டு. மலேரியாவுக்குக் கொய்னா சாப்பிட்ட ஒரு டச்சு வணிகர், அதைச் சாப்பிட்டால் தன் நெஞ்சின் தாறுமாறான அடிப்பு நின்றுபோகிறது என்று வென்கபாக் என்ற மருத்துவரிடம் சொன்னார். வென்கபாக் அதை 1914-ல் எழுதிவைத்தார். 1918-ல் வால்டர் ஃப்ரே, கொய்னாவின் உடன்பிறப்பான குயினிடின் இன்னும் நன்றாக வேலை செய்கிறது என்று கண்டார். இரண்டும் சிங்கோனா மரப்பட்டையிலிருந்து வருபவை. 1860-களில் நீலகிரியில் கொண்டுவந்து நட்ட அதே மரம்தான்.

அப்புறம் மருந்துகள் பெருகின. 1970-ல் ஆக்ஸ்ஃபோர்டின் வாகன் வில்லியம்ஸ் அவற்றை வகை பிரித்தார். இன்று நான்கு வகை சொல்கிறார்கள். இதயச் செல்லுக்குள் சோடியம் போகும் வழியைத் தடுப்பவை முதல் வகை. அட்ரினலின் வேகத்தை மட்டுப்படுத்தும் பீட்டா வகை இரண்டாவது. பொட்டாசியம் வழியைத் தடுப்பவை மூன்றாவது, கால்சியம் வழியைத் தடுப்பவை நான்காவது. டிகாக்சினும் அடினோசினும் இந்த நான்கிலும் அடங்காமல் வெளியே நிற்கின்றன. ஒன்றுகூடத் துடிப்பை எதிர்க்கப் பிறந்தது அல்ல. இதயத்தை இயக்கும் மின்னோட்டம் தப்பான இடத்தில் தோன்றினாலோ, தப்பான வழியில் சுற்றினாலோ அதைக் கட்டுக்குள் கொண்டுவருவதுதான் இவற்றின் வேலை.

சரி, "இதயத்துடிப்பு எதிர்ப்பி" வெறும் பிழை, தூக்கிப் போட்டுவிடலாம். கொஞ்சம் யோசித்து ஆக்கிய மற்ற சொற்களோடுதான் உண்மையான சண்டை.

"இலயமின்மை எதிர்ப்பி" என்கிறார்கள் சிலர். கிரேக்கத்துக்குச் சொல்லுக்குச் சொல் நேர்மையான பெயர்ப்பு, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் கிரேக்கச் சொல்லே நோயைச் சரியாகச் சொல்லவில்லை. லயம் அறவே இல்லாமல் போவது இந்த நோய்களில் ஒரு பகுதிதான். ஆங்கில மருத்துவர்களிலேயே சிலர் அரித்மியா என்பது தவறு, டிஸ்ரித்மியா, அதாவது லயக் கோளாறு என்றுதான் சொல்ல வேண்டும் என்று வாதாடுகிறார்கள். மூலமே தடுமாறும் இடத்தில் நாம் ஏன் கண்ணை மூடிக்கொண்டு பின்னால் போக வேண்டும்? லயம் வடசொல் என்பதற்காக நான் தள்ளவில்லை. தவில்காரரும் பம்பைக்காரரும் லயம் என்றுதான் சொல்கிறார்கள், அது நம் சொல்லாகிவிட்டது. நோயைத் தப்பாகச் சொல்கிறது என்பதால் தள்ளுகிறேன்.

அதே காரணம் "சீரற்ற துடிப்பு எதிர்ப்பி"க்கும் பொருந்தும். பத்திரிகைகளில் அதிகம் அடிபடுவது இதுதான். சீரற்ற என்றால் தாளம் தவறியது என்று பொருள். ஆனால் இதயத்தின் மேலறைப் பக்கத்தில் மின்னோட்டம் சுற்றுப்பாதையில் சிக்கிக்கொண்டு வரும் அதிவேகத் துடிப்பு இருக்கிறதே, அது நிமிடத்துக்கு 150, 180 என்று ஓடினாலும் கடிகாரம்போல ஒழுங்காகவே ஓடும். அங்கே சீருக்கு ஒரு குறையும் இல்லை, வேகம்தான் தப்பு. நிமிடத்துக்கு 40 என்று படுத்துப்போன துடிப்பும் சீராக இருக்கலாம். இவை எல்லாமே அரித்மியாதான். "சீரற்ற" என்று பெயர் வைத்தால் இந்த நோயாளிகளெல்லாம் பெயருக்கு வெளியே நிற்பார்கள்.

அடுத்தது "துடிப்புச் சீராக்கி". இனிய சொல். தமிழ் ஆர்வலர்கள் இதைத்தான் விரும்புகிறார்கள், எதிர்மறையே இல்லாமல் நேராகச் சொல்கிறது என்று. எனக்கும் முதலில் படிக்க நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் இது தாங்க முடியாத வாக்குறுதி. மேலறைகள் சுருங்காமல் நடுங்கிக்கொண்டே இருக்கும் ஏட்ரியல் ஃபிப்ரிலேஷனை எடுத்துக்கொள்ளுங்கள். அதில் பலருக்கு மெட்டோபுரோலாலோ டிகாக்சினோ கொடுப்பது வேகத்தைக் குறைக்க மட்டும்தான். மாத்திரை சாப்பிட்ட பிறகும் துடிப்பு சீரற்றதாகவே இருக்கும், வேகம் மட்டும் அடங்கியிருக்கும். மருத்துவர் எதிர்பார்ப்பதும் அவ்வளவுதான். பெட்டியில் "சீராக்கி" என்று படித்தவர் கையைப் பிடித்துப் பார்த்து, இன்னும் சீராகவில்லையே, மருந்து வேலை செய்யவில்லை என்று முடிவுகட்டுவார். இது போதாதென்று பேஸ்மேக்கர் கருவியையும் சிலர் சீராக்கி என்று எழுதுகிறார்கள். மார்பில் பதித்த கருவியும் வாயில் போடும் மாத்திரையும் ஒரே பெயரில் திரிந்தால் யாருக்கு என்ன புரியும்?

இதை இவ்வளவு நீட்டிச் சொல்லக் காரணம், எல்லோரும் சண்டை போடுவது முதல் பாதிச் சொல்லுக்காக. இரண்டாம் பாதியான "எதிர்ப்பி" வேண்டுமா என்று யாரும் கேட்பதில்லை. வேண்டியதில்லை என்பது என் முடிவு. இருமல் மருந்து என்கிறோம், இருமல் எதிர்ப்பி என்பதில்லை. காய்ச்சல் மாத்திரை, வயிற்றுவலி மாத்திரை, சர்க்கரை மாத்திரை, பூச்சி மருந்து. நோயின் பெயரைச் சொல்லி மருந்து என்றாலே அதற்கு எதிரானது என்று தமிழ்க் காதுக்குத் தானாகப் புரிந்துவிடுகிறது. "ஆன்டி" என்பதை ஆங்கிலம் சொல்லித்தான் ஆக வேண்டும், தமிழ் சொல்ல வேண்டிய தேவையே இல்லை. மொழிபெயர்ப்பாளர்கள் ஒவ்வொரு முன்னொட்டுக்கும் ஒரு துண்டு தேடுகிறார்கள், நம் மொழி அந்த வேலையை ஏற்கெனவே வேறு விதத்தில் செய்துவைத்திருப்பதைப் பார்ப்பதில்லை. "எதிர்ப்பி" வந்ததும் நோய் எதிர்ப்புச் சக்தி, தடுப்பூசி என்று நினைவு வேறெங்கோ போய்விடுகிறது.

அப்படியானால் நோய்க்கு என்ன பெயர்? ஊரில் படபடப்பு என்பார்கள். "நெஞ்சு படபடன்னு அடிச்சுக்குது." ஓசூர்ப் பக்கம் தெலுங்கு பேசுகிறவர்கள் குண்டெ தட என்பார்கள், கன்னடத்தில் எதெ படித. மூன்று மொழியிலும் அந்த அடிப்பே காதில் விழுகிறது. உணர்ச்சிக்கு இவற்றைவிட நல்ல சொல் கிடையாது. ஆனால் நோய்க்கு உதவாது. பயத்திலும் படபடப்பு வரும், இரத்தசோகையிலும் வரும், இரண்டு டீ கூடக் குடித்தாலும் வரும். அரித்மியா இருந்தும் எந்தப் படபடப்பும் தெரியாமல் நடமாடுகிறவர்களும் உண்டு. படபடப்பு நோயாளி உணர்வது, அரித்மியா இசிஜியில் தெரிவது.

நாடி நடை என்ற சித்த மருத்துவச் சொல்லை வைத்து "நாடிப் பிறழ்வு" என்று ஆக்கலாமே என்று கேட்கலாம். அழகான சொல்தான். ஆனால் ஃபிப்ரிலேஷனில் இதயம் அடிக்கிற அத்தனை அடியும் மணிக்கட்டுக்கு வந்து சேர்வதில்லை. அதனால்தான் மார்பில் ஸ்டெதஸ்கோப் வைத்து எண்ணுவதும் நாடியில் எண்ணுவதும் வேறுபடுகின்றன. அந்த வேறுபாட்டையே மருத்துவர் ஓர் அடையாளமாகப் பார்க்கும்போது, நாடியையும் துடிப்பையும் நாம் ஒன்றாக்கக் கூடாது.

என் தேர்வு "பிறழ்துடிப்பு". மருந்துக்கு "பிறழ்துடிப்பு மருந்து".

துடி பழைய சொல். இடை சுருங்கிய சிறு தோற்கருவிக்கும் அதுவே பெயர். புறநானூறு துடியனைக் குடிப்பெயராகவே சொல்கிறது. ஆநிரை கவர்தலிலும் மீட்டலிலும் துடி முழங்கும். அப்படி ஆநிரைக்காக விழுந்தவர்களின் நடுகற்கள் நிறைந்த மண், தகடூர் என்று பழம்பெயர் கொண்ட இந்தத் தருமபுரி மண். இதயம் அடிப்பதற்கு நம்மிடம் இதைவிட வேரூன்றிய சொல் இல்லை. பிறழ்தல் என்றால் இருக்க வேண்டிய நெறியிலிருந்து விலகுதல். நெறி பிறழாமல், சொல் பிறழாமல் என்று இன்றும் பேசுகிறோம். வேகம் கூடினாலும், குறைந்தாலும், தாளம் தவறினாலும், நடுவில் ஓர் அடி துள்ளினாலும் எல்லாம் பிறழ்வுதான். மீன் நீரில் துள்ளிப் புரள்வதையும் பழைய பாட்டுகள் பிறழ்தல் என்றே சொல்கின்றன. இன்னொன்றும் இருக்கிறது. பிறழ்துடிப்பு வினைத்தொகை. பிறழ்ந்த, பிறழ்கிற, பிறழும் என்று மூன்று காலமும் அதில் அடங்கும். நேற்று வந்து போனதும், இப்போது நிற்காமல் இருப்பதும், நாளை வரக்கூடியதும் ஒரே சொல்லில் நிற்கின்றன. விட்டு விட்டு வரும் நோய்க்கு இதைவிடப் பொருத்தம் என்ன வேண்டும்?

பெயர்களைப் பற்றிப் பேசும்போது "பீட்டா அடைப்பான்" என்பதையும் சொல்லாமல் விட முடியவில்லை. பீட்டா பிளாக்கர் எனும் இரண்டாம் வகை மருந்துக்கு வைத்த பெயர் இது; பிளாக்கர் என்றால் அடைப்பது, ஆகவே அடைப்பானாம். நம் ஊரில் "அவருக்கு அடைப்பு" என்றால் இரத்தக்குழாயில் அடைப்பு, ஆஞ்சியோவுக்குப் போக வேண்டும் என்று பொருள். அடைப்பு வந்தவருக்கு அடைப்பான் கொடுக்கிறோம் என்று எப்படி எழுத மனம் வந்தது? போதாக்குறைக்கு, மேலறையிலிருந்து கீழறைக்கு மின்னோட்டம் கடத்தப்படாமல் போகும் ஹார்ட் பிளாக்கையும் "இதய அடைப்பு" என்று எழுதுகிறார்கள். மூன்று வேறு காரியம், ஒரே சொல். அந்த மின்கடத்தல் கோளாறு உள்ளவருக்கு பீட்டா வகை மருந்தையோ, கால்சியம் வழியைத் தடுக்கும் வெராபமிலையோ மிகக் கவனமாகப் பார்த்துத்தான் தர வேண்டும், கொடுத்தால் கோளாறு கூடலாம். குழப்பம் சொல்லோடு நிற்காது என்பதற்கு இது ஒன்றே போதும். குழாயில் வருவது அடைப்பு, மின்னோட்டத்தில் வருவது கடத்தல் தடை, மருந்து பீட்டா தடுப்பான். இவ்வளவு பிரித்தால் போதும்.

ஆனால் மருந்தின் சொந்தப் பெயரில் யாரும் கைவைக்க வேண்டாம். அமியோடரோன் அமியோடரோனாகவே இருக்கட்டும். அதில் "அயோடின்" ஒளிந்திருக்கிறது, மருந்தின் எடையில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் அயோடின்தான். தைராய்டு பரிசோதனை அவ்வப்போது செய்யச் சொல்வதற்குக் காரணம் அதுவே. மாதக்கணக்கில் உடம்பில் தங்கும் மருந்து, வெயில் பட்டால் தோலைச் சிவக்கவும் வைக்கும். தக்காளித் தோட்டத்திலும் மாந்தோப்பிலும் நாள் முழுக்க நிற்கிறவருக்கு அறிவுரைத் தாளில் முதலில் எழுத வேண்டியது இதைத்தான். மெட்டோபுரோலால், அட்டெனலால், புரோப்ரனலால் என்ற பெயர்களின் வால் அவை ஒரே குடும்பம் என்று மருந்தாளுநருக்குச் சொல்கிறது. மொழிபெயர்த்தால் அந்த அடையாளம் அறுந்துபோகும். வகைப்பெயர்தான் நோயாளிக்கு, அதுதான் தமிழில் இருக்க வேண்டும்.

கடைசியாக ஒரு சோதனை. இதே மருந்துகள் சிலருக்குப் புதிதாக அரித்மியாவை உண்டாக்கவும் செய்யும். மாரடைப்பிலிருந்து பிழைத்தவர்களுக்குக் கூடுதல் துடிப்புகளை அடக்குவதற்காக என்கைனைடும் ஃப்ளெக்கைனைடும் கொடுத்துப் பார்த்த காஸ்ட் ஆய்வின் முடிவு 1989-ல் வந்தது. துடிப்புகள் அடங்கின, ஆனால் மருந்தே இல்லாத வெற்று மாத்திரை சாப்பிட்டவர்களைவிட இவர்களில் அதிகம் பேர் இறந்தார்கள். அந்தத் தன்மைக்கு ஆங்கிலத்தில் புரோஅரித்மிக் என்று பெயர். எந்த வகைப்பெயரை ஏற்றாலும் இதையும் அதே வேரிலிருந்து சொல்ல முடிய வேண்டும். "சீராக்கி சீர்குலைக்கிறது" என்று எழுத முடியாது. "எதிர்ப்பி"யில் தொடங்கியவருக்கு "ஆதரிப்பி" என்று எழுதுவதைத் தவிர வழி கிடையாது. "இந்தப் பிறழ்துடிப்பு மருந்து சிலருக்குப் பிறழ்துடிப்பைத் தூண்டலாம், தலைசுற்றலோ மயக்கமோ வந்தால் உடனே மருத்துவரிடம் வாருங்கள், நீங்களாக நிறுத்த வேண்டாம்" என்று அறிவுரைத் தாளில் போட்டால் பாலக்கோட்டுப் பெரியவருக்கு விளங்கும்.