கோயில் பொருளாளரை நீக்க வாட்சாப் போதாது

மலேசியாவின் சுங்கை சிப்புட் மாதிரி தோட்டப்புற ஊரில் கவுன்சிலருக்கு நாம் ஓட்டுப் போடுவதில்லை. ஊராட்சித் தேர்தல் 1965இல் நிறுத்தப்பட்டது. 1976ஆம் ஆண்டு ஊராட்சிச் சட்டம் அதை அடியோடு எடுத்துவிட்டது. கவுன்சிலர்களை மாநில அரசே நியமிக்கிறது. ஊருக்குள் நாம் கை தூக்கித் தேர்ந்தெடுப்பது கோயில் நிர்வாகத்தையும் சங்கச் செயலவையையும்தான். பதவி நீக்கச் சண்டையும் அங்கேதான் நடக்கிறது.

எனக்குத் தெரிந்த ஒரு தோட்டக் கோயிலில் திருவிழாக் கணக்கு சரியில்லை என்று பேச்சு எழுந்தது. ஒரு ஞாயிறு இரவு, ‘இன்றிலிருந்து பொருளாளர் நீக்கம்’ என்று வாட்சாப் குழுவில் வந்தது. ஆளுக்கு ஆள் கட்டைவிரல் போட்டார்கள். பொருளாளருக்கு மறுநாள் காலை சாப்பாட்டுக் கடையில்தான் விஷயம் தெரிந்தது. அவரைக் குழுவிலிருந்து முதலிலேயே எடுத்துவிட்டிருந்தார்கள். கணக்கில் தப்பு இருந்திருக்கலாம். நீக்கிய விதம் கண்டிப்பாகத் தப்பு.

பதிவு பெற்ற சங்கங்கள் 1966 சங்கச் சட்டத்தின் கீழ் வருகின்றன. (பள்ளிப் பெற்றோர் ஆசிரியர் சங்கம் கல்விச் சட்டத்தில் வருவது, அதன் கதை வேறு.) முதலில் உங்கள் சங்கத்தின் சட்டவிதிப் புத்தகத்தை எடுங்கள். நீக்கும் அதிகாரம் யாருக்கு என்று தேடுங்கள். பொதுக்கூட்டம் தேர்ந்தெடுத்தவரைச் செயலவையே நீக்கலாம் என்று விதி சொல்லாவிட்டால், சிறப்புப் பொதுக்கூட்டம் கூட்டுவதுதான் முறை. சிலர் கொல்லைப்புற வழியாக வருவார்கள்: உறுப்பியத்தையே ரத்து செய்துவிட்டால் பதவி தானாகப் போய்விடுமே! ஆனால் சங்கங்களைப் பதிவு செய்யும் அரசுத் துறையான சங்கப் பதிவிலாகாவின் மாதிரிச் சட்டவிதியைப் பின்பற்றும் சங்கங்களில் அந்தக் கதவுக்கும் பூட்டு உண்டு. உறுப்பினரை நீக்குமுன் காரணத்தை எழுத்தில் தர வேண்டும், விளக்கம் சொல்ல வாய்ப்பும் தர வேண்டும்.

இதற்கெல்லாம் அடிப்படை இயற்கை நீதி என்ற பழைய கொள்கை: ஒருவர் பக்கத்தைக் கேட்காமல் அவரைத் தண்டிக்கக் கூடாது, தீர்ப்புச் சொல்பவர் நடுநிலையாக இருக்க வேண்டும். நம் நாட்டில் இதற்குப் பேர்போன வழக்கு சுரிந்தர் சிங் கண்டா என்ற போலீஸ் இன்ஸ்பெக்டருடையது. 1958இல் அவரை வேலையை விட்டு நீக்கினார்கள். விசாரித்த அதிகாரியின் கையில் அவரைக் கடுமையாகச் சாடிய ஓர் அறிக்கை இருந்தது. கண்டாவுக்கு அதன் நகலைக் கொடுக்கவில்லை. வழக்கு, அப்போது நமக்கு இறுதி மேல்முறையீட்டு மன்றமாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. 1962இல் இரண்டு காரணங்களுக்காக நீக்கம் செல்லாது என்று தீர்ப்பு வந்தது. ஒன்று, நீக்கிய போலீஸ் ஆணையருக்கு அந்த அதிகாரமே இல்லை. மெர்டேக்காவுக்கு, அதாவது 1957 சுதந்திரத்துக்குப் பின் அது போலீஸ் சேவை ஆணையத்திடம் போயிருந்தது. இன்னொன்று, தன்மீது என்ன குற்றம், என்ன ஆதாரம் என்று தெரியாதவனுக்குப் பதில் சொல்லும் உரிமை இருந்தும் பயனில்லை. அந்த அறிக்கை அதிகாரியின் மனத்தை உண்மையிலேயே மாற்றியதா என்று நீதிபதிகள் ஆராயவில்லை. மாற்றியிருக்கக்கூடும் என்பதே அவர்களுக்குப் போதுமானதாக இருந்தது.

கண்டா அரசு ஊழியர்; நம் பொருளாளர் சம்பளமில்லாத தொண்டர். ஆனாலும் அளவுகோல் அதேதான். ‘கணக்கு சரியில்லை’ என்று மொட்டையாக எழுதக் கூடாது. எந்தத் தேதியில், எந்த ரசீதில், எத்தனை ரிங்கிட் இடிக்கிறது என்று கடிதத்தில் இருக்க வேண்டும். கணக்குப் புத்தகத்தை நீங்கள் வாங்கி வைத்திருந்தால் நகல் கொடுங்கள், பதில் எழுத நாள் கொடுங்கள். புகார் சொன்னவரே விசாரணைக்குத் தலைமை தாங்கக் கூடாது. சின்ன ஊரில் மாமன் மச்சான் இல்லாத குழு கிடைப்பது கஷ்டம்தான். ஆனால் அவரோடு நேரடித் தகராறு உள்ளவரையாவது ஒதுக்கி வைக்கலாம்.

இரண்டு அணிகள் நாங்கள்தான் நிர்வாகம் என்று நின்றால் சங்கப் பதிவிலாகா உள்ளே வரும். சங்கச் சட்டத்தின் 16ஆம் பிரிவின்படி, தகராறு தீர்ந்ததற்கோ அதைத் தீர்க்க நடவடிக்கை தொடங்கியதற்கோ ஆதாரத்தை ஒரு மாதத்துக்குள் காட்டச் சொல்லி அது நோட்டீஸ் அனுப்பலாம். காட்டாவிட்டால் பதிவே ரத்தாகும் அபாயம் இருக்கிறது. அப்புறம் பொருளாளர் யார் என்ற கேள்விக்கே வேலை இல்லை.

நீக்கப்பட்டவர் நீங்களா? முதலில் எழுத்தில் காரணம் கேளுங்கள். விதியில் மேல்முறையீடு இருந்தால் அதைச் செய்துவிட்டுப் பதிவிலாகாவுக்கு எழுதுங்கள். நீதிமன்றம் அதற்குப் பிறகுதான். வாட்சாப் செய்தியை அழிக்காதீர்கள், படம் பிடித்து வையுங்கள்.