பீரியட் படம்: சொல் வந்த வழியும் தமிழில் அதன் பெயரும்

மூன்றாவது பீரியட் கணக்கு, கடைசி பீரியட் விளையாட்டு. இந்தச் சொல் நமக்குப் பள்ளிக்கூடத்திலேயே பழக்கம். அங்கே அதற்குப் ‘பாடவேளை’ என்று அழகான தமிழும் கிடைத்துவிட்டது. அதே சொல் சினிமாவுக்குள் வந்து, கடந்துபோன ஒரு காலத்தில் கதை நடக்கும் படத்துக்குப் பெயராக, ‘பீரியட் ஃபிலிம்’ ஆனதும்தான் தடுமாறுகிறோம். ஒருவர் சரித்திரப் படம் என்று எழுதுகிறார், இன்னொருவர் வரலாற்றுப் படம் என்கிறார், மற்றொருவர் காலகட்டப் படம் என்கிறார். மூன்றிலும் எனக்கு நிறைவில்லை. அதற்கான காரணத்தைச் சொல்ல அமெரிக்க இயக்குநர் ஜேம்ஸ் ஐவரியின் படங்களைத் துணைக்கு வைத்துக்கொள்கிறேன். ‘பீரியட் டிராமா’ என்றதும் உலகம் முழுக்கப் பலருக்கு முதலில் நினைவுக்கு வரும் பெயர்களில் ஒன்று அவருடையது.

முதலில் சொல்லின் வேர். கிரேக்கத்தில் ‘பெரி’ என்றால் சுற்றி, ‘ஹொதோஸ்’ என்றால் வழி. இரண்டும் சேர்ந்து ‘பெரியொதோஸ்’: சுற்றிவரும் வழி. அது லத்தீன், பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்தபோது, ஒரு நோய் தொடங்கி முற்றித் தணியும்வரை ஆகும் காலத்தைக் குறித்தது. பிறகுதான் பொதுவாக ஒரு கால அளவு, ஒரு யுகம் என்று பொருள் விரிந்தது. மாதவிடாய்க்கும் இந்தச் சொல் வழங்குவது, சுழன்று திரும்பி வருவது என்ற அந்தப் பழைய பொருளால்தான். ஒரு காலத்தின் பாணியில் செய்த மேசை, நாற்காலி, வீடு ஆகியவற்றுக்கும் அதை அடைமொழியாக்கினார்கள். அங்கிருந்து நாடகத்துக்கும் திரைப்படத்துக்கும் வந்தது. (நாம் அன்றாடம் சொல்லும் ‘எபிசோட்’ என்ற சொல்லுக்குள்ளும் இதே ‘ஹொதோஸ்’ ஒளிந்திருக்கிறது.)

இனி நம் பக்கம். வரலாறு என்பது வரல் + ஆறு. இங்கே ஆறு என்றால் நதி அல்ல, வழி. ஆற்றுப்படை என்கிறோமே, அதே ஆறு. ஆக வரலாறு என்றாலும் வழிதான், பீரியட் என்றாலும் வழிதான். ஒன்று வந்த வழி, மற்றது சுற்றிவரும் வழி. கிரேக்கச் சொல்லின் சுழற்சிக்குத் தமிழில் நெருக்கமான கருத்து தொல்காப்பியத்தில் இருக்கிறது. நிலமும் பொழுதும்தான் முதற்பொருள் என்கிறது அது. கார், கூதிர், முன்பனி, பின்பனி, இளவேனில், முதுவேனில் என்று ஆறு பெரும்பொழுதுகள் சுற்றிச் சுற்றி வருகின்றன. அந்த நிலத்துக்குரிய உணவு, பறை, பறவை எல்லாம் கருப்பொருள். ஐவரியின் படங்களில் கோப்பை, கையுறை, குதிரை வண்டி, தோட்டத்து நாற்காலி என்று ஒவ்வொன்றும் அதனதன் இடத்தில் இருப்பதைப் பார்க்கும்போது எனக்குக் கருப்பொருள் என்ற சொல்தான் நினைவுக்கு வரும். அலங்காரப் பொருள் என்று அவற்றைச் சொல்ல மனம் வருவதில்லை.

சரித்திரம் வடமொழியிலிருந்து வந்தது. ஒருவரின் நடத்தை, அவர் செய்தவற்றின் கதை என்பது அதன் அடிப்படைப் பொருள். அதனால்தான் தமிழில் ‘சரித்திரப் படம்’ என்றால் ஒரு பெரிய மனிதர் வேண்டும்: அரசர், தளபதி, விடுதலை வீரர். தமிழ் சினிமாக்காரர்கள் வெகுகாலம் படங்களைப் புராணப் படம், சரித்திரப் படம், சமூகப் படம் என்று மூன்றாகப் பிரித்துப் பேசினார்கள். சரித்திரப் படத்துக்கு மக்கள் வைத்த செல்லப் பெயர் ராஜா ராணிப் படம். இந்த மூன்று பெட்டிகளில் ஐவரியின் படத்தை எதில் வைப்பது? ராஜா இல்லை, போர் இல்லை. வீடு யாருக்கு, திருமணம் யாரோடு, வேலைக்காரர் எவ்வளவு பேசலாம், மேல்தட்டுக்கும் கீழ்த்தட்டுக்கும் நடுவே கதவு எவ்வளவு திறக்கும் என்பவைதான் கதை. உடையைப் பார்த்தால் சரித்திரம், கதையைப் பார்த்தால் அசல் சமூகப் படம்.

ஐவரி 1928இல் கலிபோர்னியாவின் பெர்க்லியில் பிறந்து, ஆரிகன் மாநிலத்தின் கிளாமத் ஃபால்ஸில் வளர்ந்தவர். படித்தது கட்டடக் கலை. அதன் பிறகுதான் திரைப்படக் கல்வி. வெனிஸ் நகரத்தைப் பற்றியும் இந்தியச் சிற்றோவியங்களைப் பற்றியும் ஆவணப்படம் எடுத்தார். 1961இல் பம்பாய்க்காரரான இஸ்மாயில் மெர்ச்சன்ட்டுடன் சேர்ந்து நிறுவனம் தொடங்கினார். ஜெர்மனியில் பிறந்து, யூதக் குடும்பத்தோடு இங்கிலாந்துக்குத் தப்பி வந்து, மணமாகி டெல்லியில் வாழ்ந்துகொண்டிருந்த நாவலாசிரியர் ரூத் பிராவர் ஜாப்வாலா மூன்றாவது ஆள். ரூத்தின் நாவலிலிருந்து முதல் படம் ‘தி ஹவுஸ்ஹோல்டர்’ 1963இல் வந்தது. அதன் படத்தொகுப்பைச் செப்பனிட உதவியவர் சத்யஜித் ராய். 1965இல் வந்த ‘ஷேக்ஸ்பியர் வாலா’வுக்கு இசையும் ராய்தான். அந்தப் படத்துக்காக மதுர் ஜாஃப்ரி பெர்லினில் சிறந்த நடிகை விருது வாங்கினார்.

இந்த இரண்டும் பீரியட் படங்கள் அல்ல. எடுத்தபோது அவை நிகழ்காலப் படங்கள். ஊர் ஊராகப் போய் ஷேக்ஸ்பியர் நாடகம் போடும் ஆங்கிலேயக் குழுவுக்குச் சுதந்திர இந்தியாவில் கூட்டம் குறைகிறது, பம்பாய் சினிமா மக்களை இழுத்துக்கொள்கிறது. அன்றைய நடப்பு அது. இன்று அந்தக் கறுப்பு வெள்ளைக் காட்சிகளைப் பார்க்கிறவருக்கு எல்லாமே பழைய காலம். அப்படியென்றால் அதைப் பீரியட் படம் என்று சொல்லலாமா? கூடாது. அது பழைய படம். படம் எடுத்த காலத்துக்கும் கதை நடக்கும் காலத்துக்கும் நடுவே இயக்குநர் அறிந்தே வைக்கும் தூரம்தான் இந்தச் சொல்லின் உயிர். ‘பழங்காலப் படம்’ என்று மொழிபெயர்த்தால் இந்த வேறுபாடு அடிபட்டுப்போகும்.

ஆங்கில எழுத்தாளர் இ. எம். ஃபார்ஸ்டரின் ‘எ ரூம் வித் எ வியூ’ நாவலை எடுத்துக்கொள்வோம். 1908இல் வெளிவந்தபோது அது தன் காலத்தைப் பற்றிய சமூக நாவல். ஐவரியின் படம் வந்தது 1985இல். கதை அதேதான். நடுவே 77 ஆண்டுகள் ஓடிவிட்டன, அதுவே அதைப் பீரியட் ஆக்கியது. கஸுவோ இஷிகுரோவின் ‘தி ரிமெய்ன்ஸ் ஆஃப் தி டே’ அப்படியல்ல. 1989இல் எழுதிய நாவலே 1950களில் நின்றுகொண்டு 1930களைத் திரும்பிப் பார்க்கிறது. தூரம் நாவலுக்குள்ளேயே இருக்கிறது. ஐவரி 1993இல் எடுத்த படத்தில் ஒரு காட்சி. தலைமைப் பணியாளர் ஸ்டீவன்ஸ் தன் அறையில் ஒரு புத்தகத்தை மார்போடு அணைத்தபடி மூலையில் நிற்கிறார். என்ன புத்தகம் என்று பார்க்க, அதே வீட்டில் வேலை பார்க்கும் மிஸ் கென்டன் அவர் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரிக்கிறார். கிடைப்பது ஒரு பழைய காதல் கதை. ஆன்டனி ஹாப்கின்ஸ் கையை விடவும் இல்லை, இழுக்கவும் இல்லை. எம்மா தாம்சனின் முகத்தை மட்டும் பார்த்துக்கொண்டு நிற்கிறார். ஒரு காலத்தின் முழு ஒழுங்கும் அந்த விரல்களில் இறுகியிருக்கிறது. இதைக் ‘காஸ்ட்யூம் டிராமா’ என்று ஆடையின் பெயரால் அழைப்பது எவ்வளவு குறைவான பெயர்!

ஆனால் அழைத்தார்கள். பூப்போட்ட துணிகளுக்குப் பெயர்போன லாரா ஆஷ்லி நிறுவனத்தின் பெயரைச் சொல்லி, ‘லாரா ஆஷ்லி பாணிப் படம்’ என்று இயக்குநர் ஆலன் பார்க்கர் இடித்துரைத்தார். என்னால் இதை ஒப்புக்கொள்ள முடியவில்லை. ஐவரியின் ‘ஹோவர்ட்ஸ் எண்ட்’ (1992) படத்தின் தொடக்கத்தில் வனெஸா ரெட்கிரேவ் அந்தி வெளிச்சத்தில் தன் வீட்டைச் சுற்றி நடக்கிறார். நீண்ட பாவாடையின் ஓரம் புல்லில் புரண்டுகொண்டே வருகிறது. உள்ளே குடும்பத்தார் சிரித்துப் பேசுகிறார்கள், அவர் வெளியிலிருந்து சன்னல் வழியே பார்க்கிறார். அந்த வீட்டின்மீது அவருக்குள்ள பாசம் நமக்குப் புரிய ஒரு வசனம்கூடத் தேவைப்படவில்லை. பின்னால், வீட்டைத் தன் தோழி மார்கரெட்டுக்குக் கொடுக்கச் சொல்லி அவர் பென்சிலால் எழுதிய சீட்டைக் குடும்பம் தீயில் போடும்போது நமக்கு வலிப்பது அந்த நடையால்தான். அங்கே உடை காட்சிக்கு வைத்த பொருளல்ல, அந்த அம்மாளின் நடையே அதுதான். அந்தப் படம் மூன்று ஆஸ்கார் பெற்றது. தழுவல் திரைக்கதைக்கான விருது ரூத்துக்குப் போனது.

‘காலகட்டப் படம்’ ஏன் போதாது? எல்லாப் படத்துக்கும் ஒரு காலகட்டம் உண்டு. நேற்று வெளியான படத்துக்கும் உண்டு. ‘1920களின் காலகட்டத்தில் நடக்கும் கதை’ என்று முன்னால் ஆண்டைச் சேர்த்தால் அந்தச் சொல் ஒழுங்காக வேலை செய்யும். தனியாக நிற்கும்போது ‘எந்தக் காலகட்டம்?’ என்ற கேள்வி தொக்கி நிற்கும்.

என் தேர்வு இது: பொதுவாகப் ‘பீரியட் ஃபிலிம்’ என்பதற்கு முற்காலக் கதைப்படம். ‘கதை’ என்ற சொல் நடுவில் இருப்பதால் பழைய படம் என்று குழம்ப இடமில்லை. அரசர் கதையாக இருந்தால் சரித்திரப் படம் என்ற பழைய பெயரே இருக்கட்டும், அதை மாற்ற வேண்டியதில்லை. ஐவரி எடுத்த வகைக்கு, நம் சினிமாக்காரர்கள் விட்டுச்சென்ற சொல்லையே எடுத்து முற்காலச் சமூகப் படம் என்பேன். ‘டிராமா’வை நாடகம் என்று பெயர்க்க வேண்டாம். தமிழில் நாடகம் என்றால் மேடையும் திரைச்சீலையும் வந்துவிடும்.

இரு காலங்களும் ஒரே படத்தில் வந்தால்? ஐவரி அதையும் செய்திருக்கிறார். ஹைதராபாத்தில் எடுத்த ‘ஹீட் அண்ட் டஸ்ட்’ படத்தில் 1920களில் வாழ்ந்த ஒரு பெண்ணின் கதையைத் தேடி 1980களின் பெண் ஒருத்தி இந்தியா வருகிறாள். பாதி முற்காலம், பாதி அன்றைய நிகழ்காலம். படம் வெளிவந்த ஆண்டு 1983.

மெர்ச்சன்ட் 2005இல் காலமானார், ரூத் 2013இல். ஐவரி 89 வயதில், 2018இல், ‘கால் மீ பை யுவர் நேம்’ படத்தின் தழுவல் திரைக்கதைக்காகத் தன் முதல் ஆஸ்காரை வாங்கினார். அந்தப் படத்தை இயக்கியவர் லூக்கா குவாதானினோ. பாட்டுக் கேட்கும் கருவி, சைக்கிள், சட்டை எல்லாம் பார்த்துப் பார்த்துத் தேடி வைத்த முற்காலக் கதைப்படம் அது. கதை நடப்பது வட இத்தாலியில், 1983ஆம் ஆண்டுக் கோடையில்.