நீல ஸ்ட்ராபெர்ரி விதை வாங்கினீர்களா?

போன மாதம் பாலக்கோட்டிலிருந்து ஓர் அக்கா, ஓசூரில் இருக்கும் என் நர்சரிக்கு ஒரு தொட்டியோடு வந்தார். "தம்பி, ஸ்ட்ராபெர்ரி நல்லா தளதளன்னு வந்திருக்கு. எப்போ காய்க்கும்?" தொட்டியில் இருந்தது கீரை மாதிரி ஏதோ ஒரு செடி. ஆன்லைனில் வாங்கிய விதையாம். பாக்கெட்டில் நீல நிறப் பழத்தின் படம்.

நீல ஸ்ட்ராபெர்ரி என்று ஒரு ரகமே கிடையாது. படத்தில் நிறத்தை மாற்றி விற்கிறார்கள். நிஜ விதை கேழ்வரகைவிடவும் சன்னமாக இருக்கும். வளர்ந்த செடியில் ஒரு காம்புக்கு மூன்று சிற்றிலை, ஓரமெல்லாம் பல் பல்லாக இருக்கும்.

விதைக்காகப் பாக்கெட்டே வேண்டாம். நன்கு பழுத்த பழத்தின் தோலை மெல்லச் சீவி, காயவைத்துத் தேய்த்தால் விதை உதிரும். ஈரமான டிஷ்யூ பேப்பரில் மடித்து, மூடிய டப்பாவில் போட்டு, பிரிட்ஜின் கீழ்த்தட்டில் 3 அல்லது 4 வாரம் வையுங்கள். ஃப்ரீசரில் வேண்டாம். அப்புறம் தென்னை நார்க்கழிவு நிரப்பிய குழித்தட்டில் (நாற்று விடும் சிறு குழிகள் கொண்ட தட்டு) தூவி, லேசாக அழுத்தினால் போதும். மேலே மண் போட்டு மூடிவிடாதீர்கள்; இந்த விதை முளைக்க வெளிச்சம் வேண்டும். தண்ணீரை ஸ்பிரேயரில்தான் அடிக்க வேண்டும். முளைக்க 2 வாரமும் ஆகலாம், 6 வாரமும் ஆகலாம். மூன்றாம் வாரமே தட்டைக் கொட்டிவிட்டு என்னிடம் வந்து புலம்புகிறவர்கள்தான் அதிகம்.

சரி, முளைத்துவிட்டது. தின்ற பழத்தின் ருசி அப்படியே வருமா? வராது. கடையில் வாங்கும் ஸ்ட்ராபெர்ரி, வட அமெரிக்க இனம் ஒன்றும் தென் அமெரிக்க இனம் ஒன்றும் 18ஆம் நூற்றாண்டில் பிரான்சில் கலந்து பிறந்த கலப்பினம். அல்போன்சா கொட்டையை நட்டால் அல்போன்சாவே வரும் என்று நம் கிருஷ்ணகிரி மாந்தோப்புக்காரர் யாராவது நம்புவாரா? ஒட்டுக்கன்றுதானே தேடிப் போகிறோம்! ஸ்ட்ராபெர்ரிக்கு ஒட்டு கிடையாது, தாய்ச்செடி தரையோடு விடும் ஓடுதண்டில் வேர்பிடித்த கன்றுதான்.

இன்னொரு சிக்கல் வெயில். விதைச்செடி காய்ப்புக்கு வரப் பல மாதம் ஆகும். அதற்குள் சித்திரை வந்துவிடும். தளி, ஓசூர்ப் பக்கம் நிழல்வலை போட்டுச் சமாளிக்கலாம். தருமபுரி மொட்டை மாடியில் பிழைப்பது கஷ்டம். ஐப்பசிக் கடைசியில் கன்றாக நட்டால் குளிரிலேயே பூத்துக் காய்த்துவிடும்.

அக்காவை அப்போது வரச் சொல்லியிருக்கிறேன். "அப்போ இதைப் பொரியல் பண்ணிடவா?" என்றார். என்ன செடி என்று எனக்கே பிடிபடாததால் வேண்டவே வேண்டாம் என்று பிடுங்கிப் போட்டேன்.