"அவளுக்கு என்னுங்க குறை?"

மார்கழி பிறந்து இருபது நாள் ஆகவில்லை. அதற்குள், மனைவிக்கு வேறொருவரோடு தொடர்பு என்ற இதே பிரச்சினையோடு மூன்றாவது தம்பதி ஆலோசனை கேட்டு என் முன்னால் வந்து உட்கார்ந்துவிட்டார்கள். கணவர் ஆழ்துளைக் கிணறு போடும் ரிக் வண்டியில் போகிறவர். மழை ஓய்ந்ததும் திருச்செங்கோட்டு வண்டிகள் வடக்கே கிளம்பிவிடும், திரும்ப மாசக்கணக்காகும். மனைவி தோட்டத்துச் சாளையில், அதாவது தோட்டத்துக்குள் தனித்து நிற்கும் வீட்டில், மாமியாரோடு இருக்கிறார். பக்கத்துச் சாளைக்கு இரண்டு காடு தாண்ட வேண்டும். யாரோ ஒருவரோடு போனில் ஆரம்பித்த பேச்சு நெருக்கமாகி, வீட்டில் தெரிந்துவிட்டது.

"மாடி வீடு கட்டிக் குடுத்தனுங்க, பவுன் போட்டிருக்கறனுங்க. அவளுக்கு என்னுங்க குறை?" என்றார் கணவர்.

இதைக் கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டது. வசதி வேறு, துணை வேறு. ஆறு மணிக்கு இருட்டிவிடுகிறது. பனிக்குப் பயந்து மாமியார் ஏழு மணிக்கே போர்த்திப் படுத்துவிடுகிறார். அந்தப் பெண் சொன்னார்: "சொசைட்டியில பால் ஊத்தறப்ப 'ஆறு லிட்டருங்க'ன்னு சொன்னதுதானுங்க. அப்புறம் விடியற வரைக்கும் வாயே தொறக்கலீங்க." போனில் வந்தவர் முதலில் கேட்டது "சாப்பிட்டீங்களா?" என்றுதான். நானுந்தான் தினம் கூப்பிடறேன் என்றார் கணவர். என்ன பேசுவீர்கள் என்றேன். கொஞ்சம் யோசித்து, "மோட்டாருக்கு த்ரீ பேஸ் கரண்ட் வந்துதா, தண்ணி எடுத்துவிட்டயான்னு கேப்பனுங்க" என்றார்.

அந்தப் பெண் செய்தது சரி என்று நான் சொல்லவில்லை. வளர்ப்பு சரியில்லை என்று மட்டும் பேசாதீர்கள். வெளியூரில் வண்டியடியில் படுத்துக் கிடக்கும் ஆண்களும் இதே தனிமையில் தடுமாறி என்னிடம் வருகிறார்கள்.

போனைப் பிடுங்காதீர்கள். பங்காளிகளைக் கூட்டிப் பஞ்சாயத்து வைக்காதீர்கள். ஸ்டேஷனுக்குப் போகிறேன் என்று மிரட்டுவதும் வீண். பிறர் மனைவியோடு உறவு வைப்பதைக் குற்றமாக்கிய 497-வது பிரிவை உச்ச நீதிமன்றம் 2018-லேயே ரத்து செய்துவிட்டது. வாரம் ஒருநாள் மனைவி சந்தைக்கோ அம்மா வீட்டுக்கோ போய் வரட்டும்.

பெண்களே, கணவர் கண்ணில் படக்கூடாது என்று மெசேஜை அழிக்க ஆரம்பித்துவிட்டீர்களா? அங்கேயே நிறுத்துங்கள், நம்பிக்கையான ஒருவரிடம் சொல்லிவிடுங்கள். போட்டோவைக் காட்டி மிரட்டினால் பணம் கொடுக்காமல் சைபர் கிரைம் உதவி எண் 1930-க்குக் கூப்பிடுங்கள்.

இன்னொன்று, தயவுசெய்து. விஷயம் வெடித்த வீட்டில் பூச்சிமருந்து டப்பா ஒன்றுகூட இருக்க வேண்டாம். அன்றைக்கே எடுத்துப் பக்கத்துச் சாளையில் பூட்டி வையுங்கள். மனசு தாங்கவில்லை என்றால் அரசின் மனநல உதவி எண் 14416. காசு கிடையாது, தமிழிலேயே பேசலாம், ராத்திரி இரண்டு மணிக்கும் கூப்பிடலாம்.